சில்லாபுரியில் கதை சொல்லும் முறை

என் தாய்மாமா ராஜபாளையத்தில் ஒரு நூல் மில்லில் ஃபிட்டராக இருந்தார். மிச்ச நேரத்தில் சில்லாபுரி என்ற தேசத்துக்கு ராஜாவாக இருந்தார். எங்கள் தெருவில் நின்று மேற்கே பார்த்தால் மலை தெரியும். அதற்கு அந்தப் பக்கம் சில்லாபுரி. அங்கே ஆறு மலைமேல் ஏறும். ஆடுகள் மனிதர்களை மேய்ச்சலுக்கு ஓட்டிப் போகும். மனிதர்கள் புல் தின்பார்களா என்று கேட்டால், நீ கீரை தின்பதில்லையா என்பார். கல்யாணம் எப்போது என்ற ஒரு கேள்வியைத் தவிர எல்லாவற்றுக்கும் அவரிடம் பதில் இருந்தது.

அந்தத் தேசத்தில் ஒரு பூதம் உண்டு. ‘அடுத்து என்ன ஆகுமோ’ என்று யாராவது பயந்தால், அந்தப் பயத்தை மோப்பம் பிடித்து வந்து ஆளை விழுங்கிவிடும். அதனால் சில்லாபுரிக்காரர்கள் கதையை முடிவிலிருந்துதான் சொல்வார்கள். ராணி பத்திரமாக வீடு வந்து தலை துவட்டினாள் என்று முதலில் சொல்லிவிட வேண்டும். கேட்பவர் ‘அதுக்கு முன்னாடி?’ என்று கேட்க வேண்டும். மழையில் நனைந்தாள். அதுக்கு முன்னாடி? பாம்பைத் தாண்டினாள். இப்படியே பின்னால் போய், எல்லாரும் சந்தோஷமாக உட்கார்ந்திருந்த இடம் வந்ததும் கதையை நிறுத்திக் கைதட்ட வேண்டும். வீடு வந்து சேர்ந்தவளைப் பாம்பு என்ன செய்துவிட முடியும்? நான் நிம்மதியாகக் கேட்பேன்.

மாமா இந்த முறையை எனக்குச் சொல்லித் தந்தது, அப்பாவிடமிருந்து போன் வராத நாட்களில். அப்பா ராணுவத்தில் இருந்தார். பனி மலையில் சிக்னல் கிடைக்காது என்பது எங்களுக்குப் பழகின விஷயம்தான். ஆனால் அந்தத் தடவை நாட்கள் நீண்டுகொண்டே போயின. அம்மா நைட்டி தைக்கிற மிஷின் மேலேயே செல்போனை வைத்துக்கொண்டு, தைப்பதும் எடுத்துப் பார்ப்பதுமாக இருந்தாள். சாம்பாரில் ஒருநாள் உப்பு இருக்கும், ஒருநாள் இருக்காது. நானும் மாமாவும் அப்படியே சாப்பிட்டு எழுந்தோம்.

ஒரு காலையில் அம்மா குளித்துக்கொண்டிருந்தபோது போன் அடித்தது. வன்னியம்பட்டி அத்தை, அப்பாவின் அக்கா. “ஏட்டி, எந்தம்பி பேசுனானா?” என்றாள். குரலில் பயம் நன்றாகவே கேட்டது. பூதத்துக்கு வன்னியம்பட்டி ஒன்றும் தூரமில்லை. அதனால் முறைப்படி முடிவை முதலில் சொன்னேன்: “அப்பா வீட்டுக்கு வந்து, சாப்பிட்டு, தூங்கிட்டாரு அத்தை.” அவள் ‘அதுக்கு முன்னாடி?’ என்று கேட்கக் காத்திருந்தேன். அத்தைக்கு முறை தெரியாது. போனை வைத்துவிட்டாள்.

மத்தியானத்துக்குள் வந்து நின்றாள். ஒரு கையில் கால் கட்டிய கோழி, இன்னொரு கையில் ஸ்ரீவில்லிபுத்தூரில் இறங்கி வாங்கிய பால்கோவா. “எங்க எந்தம்பி? இன்னுமா தூங்குதான்?” என்று அழுகையும் சிரிப்புமாகக் கேட்டாள். அம்மா எழுந்த வேகத்தில் முக்காலி சாய்ந்தது. “அவிய வந்துட்டாவளா மதினி? ஒங்க வீட்டுக்கா வந்தாவ?” அம்மாவின் முகத்தை அப்படி நான் அதற்கு முன் பார்த்ததில்லை. இருவரும் ஒருவர் முதுகுக்குப் பின்னால் ஒருவர் அப்பாவைத் தேடினார்கள். கோழி மட்டும் கத்திக்கொண்டிருந்தது.

விஷயம் விளங்கியதும் அம்மா தரையில் உட்கார்ந்துவிட்டாள். என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. ஷிப்ட் முடிந்து வந்த மாமாவைத்தான் பிடித்துக்கொண்டாள். “ஏலே, புள்ளைக்கு என்னத்தச் சொல்லிக் குடுத்து வச்சிருக்க?”

மாமா டிபன் கேரியரைக் கீழே வைக்காமலே நின்றார். “அவ பயப்படக் கூடாதுன்னுதாங்க்கா,” என்றார். கண்ணைத் துடைத்துக்கொண்டே, “எனக்கும் பயமாத்தான இருக்கு,” என்றார். ராஜா அழுதது எனக்கு வெட்கமாக இருந்தது.

அத்தைதான் மூக்கைச் சிந்திவிட்டு, “அந்தக் கதைய எனக்கும் சொல்லுய்யா, கேப்போம்,” என்றாள். மாமா சொன்னார். மச்சான் சாப்பிட்டுத் தூங்கினார். அதுக்கு முன்னாடி கோழிக் குழம்பு கொதித்தது. அதுக்கு முன்னாடி ஸ்டேஷனில் பெட்டியோடு இறங்கினார். மூன்றாவது தடவை ‘அதுக்கு முன்னாடி?’ கேட்டது அம்மா. கோழியை அத்தை அறுக்கவில்லை. அவன் வந்து தின்னட்டும் என்று கொல்லையில் கட்டிவிட்டுப் போனாள்.

பிறகு ஒருநாள் ராணுவ ஆஸ்பத்திரியிலிருந்து போன் வந்தது, அப்பா அங்கே இருக்கிறார் என்று. அந்தக் கோழி எங்கள் வீட்டைத் தன் வீடாகவே நினைக்கத் தொடங்கியிருந்த சமயம், கையில் கட்டோடு அப்பா வந்தார். சாப்பிட்டார். தூங்கினார். நான் சொன்ன முடிவில் ஒரு குறையும் இல்லை.

சாயங்காலம் அத்தையும் மாமாவும் அம்மாவும் சுற்றி உட்கார்ந்திருந்தபோது நான் ஆரம்பித்தேன். அதுக்கு முன்னாடி? மாமா முறையை விளக்கியதும் அப்பா சிரித்துவிட்டார். ரயிலில் வந்தேன் என்றார். அதுக்கு முன்னாடி? ஆஸ்பத்திரியில் கண் முழித்தேன். அதுக்கு முன்னாடி? அம்மா என் தொடையைக் கிள்ளினாள். அப்பா கொல்லைப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். “அதுக்கு முன்னாடி, நாங்க நாலு பேரு டென்ட்டுக்குள்ள உக்காந்து டீ குடிச்சுக்கிட்டு இருந்தோம்த்தா. ஒருத்தன் பாடுனான். நல்லாப் பாடுவான்.”

எல்லாரும் சந்தோஷமாக உட்கார்ந்திருந்த இடம் வந்துவிட்டது. சில்லாபுரிச் சட்டப்படி கதை அங்கே நிற்க வேண்டும். நான் கைதட்டினேன். வேறு யாரும் தட்டவில்லை, முறை தெரிந்த மாமாகூட. நான் திரும்பத் திரும்பத் தட்டிக் காட்டினேன். எத்தனையோ கேள்வி கேட்கிற எனக்கு, மற்ற மூன்று பேரும் எப்போது வீட்டுக்கு வந்து, சாப்பிட்டு, தூங்கினார்கள் என்று கேட்க மட்டும் தோன்றவே இல்லை.