பைண்டர் வீட்டுப் பின்கதவு

ரிக்ஷா ஸ்டாண்டில் இருந்த ஆண்கள் எல்லாரும் ஓரமாக ஒதுங்கி நின்று, "விழப்போறா பாரு" என்று காத்திருந்த அன்று அவள் உண்மையிலேயே விழுந்தாள். வண்டியோடு சேர்த்து, சாக்கடை ஓரமாக. முழங்கையில் தோல் உரிந்தது. எழுந்து சேலையை உதறிக்கொண்டு, "பாத்தாச்சில்ல? காட்சி முடிஞ்சுது. அவங்கவங்க வேலையைப் பாருங்க" என்றாள். வண்டியை நிமிர்த்தி மறுபடியும் ஏறி உட்கார்ந்தாள்.

அது அவள் கணவனின் சைக்கிள் ரிக்ஷா. நுரையீரல் கெட்டு அவன் போய்ச் சேர்ந்த பிறகு சில மாதம் வண்டி வாசலில் தார்ப்பாய் போர்த்திக் கிடந்தது. அவள் அப்போது சட்டைக் கம்பெனியில் காலர் தைத்துக்கொண்டிருந்தாள். வேலை ஒன்றும் கஷ்டமில்லை. ஆனால் அங்கே பேசக்கூடாது. காலையிலிருந்து சாயங்காலம் வரை வாயை மூடிக்கொண்டு உட்காருவது அவளுக்கு ஜெயில் மாதிரி இருந்தது. ஒருநாள் தார்ப்பாயை உருவினாள். டயருக்குக் காற்றடித்தாள். அவ்வளவுதான்.

முட்டுச்சந்து, மாடு, தள்ளுவண்டி எது எதிரே வந்தாலும் மணியடித்துக்கொண்டே போவாள். அதனால் 'பெல்லக்கா' என்று பெயர் ஒட்டிக்கொண்டது. கொஞ்ச காலத்தில் பழைய நகரத்தைச் சுற்றிக் காட்டும் டிராவல்ஸ் ஆபீஸ்காரர் அவளைத் தேடி வந்தார். அவருக்கு வேண்டியது வண்டி மிதிக்கவும் பேசவும் தெரிந்த ஆள். இரண்டும் ஒரே ஆளிடம் இருந்தது. மணிக்கூண்டு, நீதிபதி மாளிகை, மதில் வாசல், காகிதத் தெரு என்று ஒரு சுற்று. வழி நெடுகக் கதை. நீதிபதி பகலில் சொன்ன தீர்ப்பை அவர் மனைவி சாயங்காலம் வீட்டில் மாற்றி எழுத வைப்பாளாம் என்று பெல்லக்கா சொல்வாள். ஆபீஸ்காரர் ஒருமுறை கூப்பிட்டு, "அதுக்கு ஆதாரமே இல்லையேம்மா" என்றார்.

"ஆதாரம் இருந்தா அது கதையா சார்?" என்று கேட்டுவிட்டு வந்துவிட்டாள்.

அவள் கதை சொல்லாமல் கடக்கும் இடம் அந்தச் சுற்றில் ஒன்றே ஒன்றுதான். காகிதத் தெருவில் அவள் பிறந்து வளர்ந்த வீடு. இப்போது அங்கே அண்ணன் புத்தக பைண்டிங் பட்டறை நடத்துகிறான். அப்பா போன பிறகு அவளைத் தோளில் தூக்கி வளர்த்தவன் அவன். அவள் ரிக்ஷா ஓட்டக் கிளம்பியது தெரிந்ததும் கைநிறையப் பசையோடு தெருவுக்கு வந்து கத்தினான். "ஊரே பாக்க நடுத்தெருவுல பெடல் மிதிக்கணுமா நீ? அப்படித்தான் பிழைக்கணும்னா என் முகத்துல முழிக்காதே!"

"முழிக்கலை. இனிமே உன் வாசப்படியை மிதிச்சா ஏன்னு கேளு!" என்று அவளும் கத்தினாள்.

இரண்டு பேருமே சொன்ன சொல்லை விடாத ஜாதி. வருஷங்கள் ஓடிவிட்டன. அந்த வீடு வரும்போது பெல்லக்கா எதிர்ப்பக்கக் கடையைக் காட்டி ஏதாவது சொல்லிக்கொண்டே வேகமாக மிதித்துவிடுவாள்.

ஒருநாள் காலையில் ஏறியவர்கள் ஒரு அம்மாவும் மகளும். மகளுக்கு இருபத்தைந்து வயதிருக்கும். எதைக் கண்டாலும் போட்டோ எடுத்தாள். அம்மா கனத்த உடம்பு, அதைவிடக் கனத்த குரல்.

"இடிஞ்ச சுவரைப் பாக்கவா விடியறதுக்குள்ள எழுப்பினே? நம்ம வீட்டுப் பின்பக்கச் சுவரும் இப்படித்தான் இருக்கு. அங்கேயே நின்னு பாத்திருப்பேனே."

"அம்மா, கொஞ்சம் சும்மா வா."

"நான் சும்மாதான் வர்றேன். மிதிக்கிறது அந்தம்மா."

பெல்லக்காவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. இப்படி ஒரு சவாரி கிடைத்து நாளாகியிருந்தது.

மதில் வாசலின் வளைவுக்கு மேலே தேன்கூடு ஒன்று உண்டு. ஆளரவத்துக்கெல்லாம் கலையாது. இருந்தாலும் அங்கே பெல்லக்கா மணியடிப்பதில்லை. சவாரிகளிடமும் சத்தம் வேண்டாம் என்று சொல்லிவிடுவாள். அன்றும் சொன்னாள். மகள் இறங்கிப் போய் வளைவின் கீழே நின்று அண்ணாந்து போட்டோ எடுத்தாள். திரும்பி வரும்போது கழுத்தில் ஏதோ ஊர்கிற மாதிரி இருக்க, பட்டென்று தட்டினாள்.

ஒரே ஒரு தேனீதான்.

"ஸ்ஸ்... கடிச்சிடுச்சு" என்று சிரித்துக்கொண்டேதான் ஏறி உட்கார்ந்தாள். பெல்லக்கா நகத்தால் கொடுக்கைச் சுரண்டி எடுத்தாள். தாய்க்காரி, "பழைய காலத்துத் தேனீயா இருக்கும், கும்பிட்டுக்கோ" என்றாள். வண்டி கிளம்பியது.

காகிதத் தெருவுக்குள் திரும்பியபோது மகள், "கையெல்லாம் அரிக்குதும்மா" என்றாள். கொஞ்ச தூரத்தில், "ஒரு மாதிரி இருக்கு" என்றாள். பெல்லக்கா திரும்பிப் பார்த்தாள். பெண்ணின் கைகள் முழுக்கச் சிவப்புத் தடிப்புகள். கண்ணிமை வீங்கியிருந்தது. உதடு வேறு யாருடைய உதடோ மாதிரி உப்பியிருந்தது.

"முன்னாடி எப்பவாவது தேனீ கொட்டியிருக்கா?"

"இல்லையே... ஏம்மா, என்னாச்சு இவளுக்கு? ஏண்டி, பேசு!"

"தொண்டை... அடைக்குதும்மா."

தாய்க்காரி போனில் ஆம்புலன்ஸைக் கூப்பிட்டாள். சந்துக்குள் வண்டி வராது, மெயின் ரோட்டுக்குக் கொண்டுவாருங்கள் என்றார்கள். பெல்லக்கா சீட்டிலிருந்து எழுந்து நின்று மிதிக்க ஆரம்பித்தாள். தெருமுனை தாண்டி வலது பக்கம் திரும்பினால் ஆஸ்பத்திரி ரோடு. "தோள்ல சாய்ச்சுக்குங்கம்மா. தூங்க விடாதீங்க. பேசிக்கிட்டே இருங்க. நீங்கதான் நல்லாப் பேசுவீங்களே!"

அந்த அம்மாவால் பேச முடியவில்லை. மகளின் பெயரையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தாள். பெல்லக்காவின் காதில் அதைவிட உரக்கக் கேட்டது அந்தப் பெண்ணின் மூச்சுதான். வால்வு கசியும் டியூப் மாதிரி, மெல்லிய விசில்.

தெரு வளைந்தது. எதிரே லாரி.

காகித உருளை ஏற்றி வந்த லாரி உள்ளே நுழைய முடியாமல் தெருமுனையில் அடைத்துக்கொண்டு நின்றது. ஒரு உருளை சரிந்து, சுவருக்கும் லாரிக்கும் நடுவே ஆப்பு மாதிரி சிக்கியிருந்தது. ஆட்கள் கயிறு கட்டி இழுத்துக்கொண்டிருந்தார்கள். பூனைகூட நுழைய முடியாது.

"திரும்பிப் போயிடலாமா?" என்று தாய்க்காரி அழுதாள்.

திரும்பினால் மதிலைச் சுற்ற வேண்டும். அவ்வளவு நேரத்தை அந்த மூச்சு தாங்காது. வேறொரு வழி இருப்பது பெல்லக்காவுக்குத் தெரியும். கை நீட்டினால் தொடுகிற தூரத்தில்.

அண்ணன் வீட்டுக்கு முன்வாசல் காகிதத் தெருவில். பின்வாசல் ஆஸ்பத்திரி ரோட்டில், ஆஸ்பத்திரிக்கு நேர் எதிரே. தாத்தா காலத்தில் குதிரை வண்டி முன்னால் நுழைந்து, முற்றத்தில் காகிதத்தை இறக்கிவிட்டு, பின்னால் வெளியேறும். அதற்காகவே கட்டிய கதவுகள்.

அவள் யோசிக்கவில்லை என்று சொன்னால் பொய். ஒரு மூச்சு நேரம் யோசித்தாள். பிறகு வண்டியைத் திருப்பி அந்தப் பெரிய கதவின் முன் நிறுத்தி, இரண்டு கையாலும் அடித்தாள்.

பெரிய கதவுக்குள் இருந்த சின்னக் கதவு திறந்தது. அண்ணன். தலை பாதி நரைத்திருந்தது. பனியனில் காய்ந்த பசை.

"அண்ணே, பின்கதவைத் திற."

அவன் அவளைப் பார்த்தான். அவள் தோளுக்குப் பின்னால் வண்டியைப் பார்த்தான். சின்னக் கதவைப் படாரென்று சாத்தினான்.

"சாத்திட்டானே! மனுஷனா அவன்? ஐயோ, என் பொண்ணு!" என்று தாய்க்காரி தெருவே அதிர அலறினாள். பெல்லக்கா கதவில் தலை சாய்த்து நின்றாள்.

சாய்ந்த தலைக்குள் ஓர் அதிர்வு கேட்டது. உள்ளே ஒரு மரம் உராய்ந்து நகர்ந்தது. குறுக்குக் கட்டையைத் தூக்குகிறான். சின்னக் கதவைச் சாத்தாமல் பெரிய கதவைத் திறக்க முடியாது என்பது அந்த வீட்டில் பிறந்தவளுக்கே மறந்துபோயிருந்தது.

இரண்டு கதவும் அகலத் திறந்தன. "தூக்குங்கடா!" என்று அண்ணன் கத்த, பட்டறை ஆட்கள் நாலாபக்கமும் பிடித்து வண்டியை பிற்காலத்தில் உயர்த்திக் கட்டிய நிலைப்படிக்கு மேலே தூக்கி உள்ளே வைத்தார்கள். தாள் மடித்துக்கொண்டிருந்த பெண்கள் எழுந்து சுவரோடு ஒட்டிக்கொண்டார்கள். பசை வாளி உருண்டது. சக்கரம் அதில் வழுக்கி, அண்ணன் தோள் கொடுத்ததும் நிமிர்ந்தது.

பெல்லக்கா பின்கதவுப் பக்கம் பார்த்தாள். கதவு எங்கே? தலை உயரத்துக்குப் புத்தகக் கட்டுகள் அடுக்கியிருந்தன. அந்தக் கதவைத் திறந்தே பல காலம் ஆகியிருந்தது. எல்லாரும் விழுந்தடித்துக்கொண்டு கட்டுகளை இழுத்து எறிந்தார்கள். அவளும் இழுத்தாள். ஒரு கட்டின் தகரப்பட்டி முழங்காலுக்குக் கீழே கிழித்ததுகூட அவளுக்குத் தெரியவில்லை. பூட்டு வெளிப்பட்டது. துருப்பிடித்து, உள்ளங்கை அகலத்துக்கு.

"சாவி எங்கடி?" என்றான் அண்ணன்.

"தெரியலையே! மாடத்துல பாத்தேன், இல்லை. இருங்க, அலமாரியில பாக்கிறேன்" என்று அண்ணி உள்ளே ஓடினாள்.

பின்னால் விசில் சத்தம் நின்றுவிட்டது. பெல்லக்கா திரும்பிப் பார்க்கப் பயந்தாள்.

"மூச்சு வருதும்மா, கொஞ்சமா வருது, சீக்கிரம்!" என்றாள் தாய்க்காரி. அவளிடம் முந்தைய குரல் இல்லை. குழந்தையின் குரலாக இருந்தது.

அண்ணன் சாவிக்குக் காத்திருக்கவில்லை. புத்தகங்களை அழுத்தும் பிரஸ்ஸை இறுக்குகிற இரும்புக் கம்பியை உருவி வந்து பூட்டின் வளையத்தில் கொடுத்து நெம்பினான். வரவில்லை. மறுபடி நெம்பினான். கழுத்து நரம்பு புடைத்தது. பெல்லக்கா ஓடிப்போய்க் கம்பியின் நுனியில் தன் உடம்பையே போட்டுத் தொங்கினாள். பூட்டு வெடித்த மாதிரி தெறித்தது. எல்லாரும் கதவை முட்டித் தள்ள, வெளிச்சமும் பஸ் இரைச்சலும் ஒன்றாக உள்ளே வந்தன.

ரோட்டின் நடுவே அண்ணன் கம்பியோடு ஓடிப்போய் இரண்டு கையையும் விரித்து நின்றான். பஸ் கிறீச்சிட்டு நின்றது. அவனைத் தாண்டி ரிக்ஷா ஆஸ்பத்திரி வாசலுக்குள் புகுந்தது.

ஸ்ட்ரெச்சரில் கிடத்தும்போதே டாக்டரம்மா தொடையில் ஊசி போட்டுவிட்டார். கதவு மூடிக்கொண்டது. அதற்குப் பிறகு செய்ய ஒன்றுமில்லை. அதுதான் எல்லாவற்றையும்விடக் கொடுமையாக இருந்தது. பெஞ்சில் தாய்க்காரி பெல்லக்காவின் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். நகம் பதிந்து தோல் வெளுத்தது. நர்ஸ் ஒருத்தி உள்ளே ஓடினாள், வெளியே வந்தாள், மறுபடி ஓடினாள். அவள் முகத்திலிருந்து எதையும் படிக்க முடியவில்லை.

கடைசியில் கதவு திறந்தது. உள்ளேயிருந்து கரகரத்த குரல் ஒன்று கேட்டது. "அம்மா... என் செருப்பு எங்க?"

தாய்க்காரி அழுதுகொண்டே சிரித்தாள். "செருப்பு கேக்கிறாளே! எவ்வளவு பெரிய ராணி பாரு, செருப்பு கேக்கிறா!" என்று பெல்லக்காவின் தோளில் அடித்தாள். அடி நன்றாகவே வலித்தது.

வெளியே படிக்கட்டில் அண்ணன் உட்கார்ந்திருந்தான். கம்பி இன்னும் கையில்தான் இருந்தது. அவள் வந்து இரண்டு படி தள்ளி உட்கார்ந்தாள்.

"பிழைச்சிடுச்சா?"

"பிழைச்சிடுச்சு. இன்னிக்கு ராத்திரி இங்கேயே வச்சுப் பாக்கணுமாம்."

அவன் தலையாட்டினான். அவள் கால் பக்கம் பார்த்தான். சேலைக் கரை ரத்தத்தில் ஊறியிருந்தது.

"உள்ள போய்க் காட்டு."

"காட்டிக்கிறேன்."

"காட்டிக்கிறேன்னா எப்ப? நான் போன பிறகா?" குரல் பழைய அண்ணன் குரல். அவள் எழுந்து போய்த் தையலும் கட்டும் போட்டுக்கொண்டு வந்தாள். அதுவரை அவன் அங்கேயே இருந்தான்.

"பூட்டை உடைச்சிட்டியே" என்றாள், வேறு என்ன சொல்வதென்று தெரியாமல்.

"நானா உடைச்சேன்? நீ தொங்கின தொங்கலுக்கு அது உடைஞ்சுது."

ரிக்ஷாவின் செயின் கழன்றிருந்தது. அதை மாட்டும் நிதானம் அன்று அவள் விரல்களுக்கு இல்லை. வண்டியைத் தள்ளிக்கொண்டு ஸ்டாண்டுக்கு நடந்தாள். அண்ணன் பின்னால் கை வைத்துத் தள்ளிக்கொண்டு வந்தான். தெரிந்தவர்கள் எதிரே வந்தபோது தலையைக் குனிந்துகொண்டான். ஆனால் கையை எடுக்கவில்லை. ஸ்டாண்ட் வந்ததும், "நாளைக்குக் காலைல அங்க சாப்பிட்டுட்டு வேலைக்குப் போ" என்றான்.

"எங்க?"

"எங்கன்னா கேக்கிறே?" என்று எரிந்து விழுந்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் நடந்தான்.

மறுநாள் அவள் போகவில்லை. வீம்பு அவ்வளவு சுலபத்தில் விடுமா? டிராவல்ஸ் ஆபீஸ்காரர் மதில் வாசலை அந்தச் சுற்றிலிருந்து எடுத்துவிடலாமா என்று கேட்டார். எடுக்க வேண்டாம், வளைவுக்கு வெளியே நிறுத்திக் காட்டுகிறேன் என்றாள். கால் தையல் பிரிக்கும் வரை வண்டியை எடுக்கவில்லை. உட்கார்ந்தே இருக்கும்போது அந்த விசில் மூச்சு காதில் கேட்டுக்கொண்டேயிருந்தது. தனியாக இருக்கப் பிடிக்காமல் ஒரு ஞாயிற்றுக்கிழமை நொண்டிக்கொண்டே காகிதத் தெருவுக்குப் போனாள்.

அண்ணிதான் திறந்தாள். "இப்பதான் வழி தெரிஞ்சுதாக்கும்" என்று கன்னத்தில் இடித்துவிட்டு உள்ளே போய் இலை போட்டாள். முற்றத்தில் அண்ணன் காகிதம் வெட்டும் மெஷினில் குனிந்திருந்தான். தலை நிமிரவில்லை.

"அந்தப் பொண்ணு எப்படி இருக்கு?"

"போன் பண்ணுச்சு. நல்லாருக்காம். அவங்கம்மா வாங்கிப் பேசினாங்க. நான் போனைக் காதுலேருந்து தள்ளிப் பிடிச்சுக்கிட்டேன்."

அண்ணனின் தோள் குலுங்கியது. சிரிக்கிறான் என்று அவளுக்குத் தெரிந்தது. அவன் கத்தியை இறக்கி ஒரு கட்டுத் தாளை வெட்டினான். அவள் தாள் துண்டுகளை ஒதுக்கி இடம் செய்துகொண்டு தரையில் உட்கார்ந்தாள்.