சுகந்தியின் படத்தில் இல்லாத ராசம்மா

கல்விப் பணிமனையில் ஒரு கையெழுத்துக்காகக் காத்திருந்தபோது செய்தி வந்தது. மாங்குளத்தில், தன் வீட்டில், சுகந்தி காலமாகிவிட்டார். நெஞ்சுவலியாம். எழுந்தவன் மறுபடியும் அதே கதிரையில் உட்கார்ந்தேன். கையெழுத்து வாங்காமல் போனால் இன்னொரு நாள் வரவேண்டும். அதற்கு உடம்பில் தெம்பில்லை.

ஆவணப்படக்காரராக அவரை அறிந்தவர்கள், இந்த அஞ்சலியை வாசிக்கும் நீங்கள். பூநகரிப் பக்கம் நான் அதிபராக இருக்கும் சிறிய பள்ளிக்கூடத்துக்கு அவர் முதன்முதல் வந்தபோது வகுப்புகளுக்குள் நுழையவேயில்லை. கமராவை வாசல் படலையடியில் வைத்து, பிள்ளைகளைச் சைக்கிளில் இறக்கிவிட்டுத் திரும்பும் தாய் தகப்பன்மாரை எடுத்தார்.

"படிப்பிக்கிறது உங்கட வேலைதான். ஆனா அந்தப் பிள்ளை ஏன் ரெண்டு நாளாக் கதைக்கேல்லையெண்டு இவையளுக்குத்தானே தெரியும். உள்ள கூப்பிடுங்கோ சேர்" என்றார். எனக்கு எரிச்சல்தான் வந்தது.

வயல் கூலிக்குப் போகும் ராசம்மா, மலையகத்திலிருந்து வந்து இங்கே குடியேறிய குடும்பம், கமராவுக்கு முன்னால் சொன்னார்: "எங்கள கூப்பிடுறதே சிரமதானமுன்னு கூலியில்லாம புல்லு வெட்டத்தாங்க. புள்ள எப்படிப் படிக்குதுன்னு ஒருத்தரும் சொன்னதில்ல."

படம் காட்டும் நாளுக்கு அதிகாரிகள் வர இருந்தார்கள். அந்தக் காட்சியை நீக்காவிட்டால் பள்ளி மண்டபம் தரமாட்டேன் என்றேன். சுகந்தி நெடுநேரம் வாதாடினார். பிறகு களைத்துப்போய் வெட்டினார்.

அன்றைக்கு ராசம்மா நல்ல சேலை உடுத்தி, அயலவர்களையும் கூட்டிக்கொண்டு வந்திருந்தார். படம் முடிந்தது. எல்லோரும் எழும்பினார்கள். அவர் மட்டும் எழும்பவில்லை. "முடிஞ்சிருச்சா?" என்று பக்கத்திலிருந்தவரைக் கேட்டார்.

அடுத்த நாள் சுகந்தி என்னையும் இழுத்துக்கொண்டு ராசம்மா வீட்டுக்குப் போனார். வெட்டிய துண்டை மடிக்கணினியில் போட்டுக் காட்டினார். "இதுல நான் தப்பா ஒண்ணும் சொல்லலியே?" என்று கேட்டார் ராசம்மா.

"இல்லை. நான்தான் வெட்டினனான். பிழை என்னிலதான். மன்னிச்சுக்கொள்ளுங்கோ" என்றார் சுகந்தி. நான் தேத்தண்ணிக் கோப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பஸ்ஸுக்கு நிற்கும்போதும் அதைப் பற்றி அவர் என்னிடம் ஒரு சொல் கேட்கவில்லை. "அலைஞ்சு அலைஞ்சு களைச்சுப் போச்சு சேர். எந்தப் பள்ளிக்கூடத்திலயும் கதவை அரைவாசிதான் திறக்கினம்" என்றார். அடுத்த கிழமை கொக்கிளாயில் இன்னொரு பள்ளிக்கூடத்துக்குப் போனார்.

செத்த வீட்டில் ராசம்மாவைக் கண்டேன். இரண்டு பஸ் மாறி வந்திருந்தார். "என் கதையை வெட்டுனவங்கதான். ஆனாலும் வீடு தேடி வந்து மன்னிப்புக் கேட்ட மனுசி, இல்லீங்களா சேர்?" என்று அழுதார்.

"ஓம்" என்றேன். அங்கேயும் அவ்வளவுதான் என் வாயிலிருந்து வந்தது.

வருகிற வெள்ளிக்கிழமை பெற்றோர் கூட்டம். ராசம்மாவும் வருவார். நான் சொல்லப்போகும் முதல் விடயத்தை இங்கேயே எழுதிவிடுகிறேன், பிறகு பின்வாங்க முடியாதபடி: வெட்டச் சொன்னது நான். சுகந்தியிடமிருந்து எனக்கென்று நான் திரும்ப வாங்கி வைத்துக்கொள்வது, எனக்காக அவர் சுமந்த அந்தப் பழியைத்தான்.