அழுகைக்கு நல்ல விலை

தையல்காரியைத் தெருவே ரேடியோ என்றுதான் கூப்பிடும். வாயை மூடத் தெரியாதவள். அந்த வாயே ஒருநாள் சம்பாதித்துக் கொடுக்கும் என்று யார் கண்டார்கள்? வீட்டுப் பேச்சை அப்படியே காசு கொடுத்து வாங்கும் ஒரு ஆப் அவள் போனில் இருந்தது. சிரிப்புக்குச் சில்லறை, சண்டைக்குக் கொஞ்சம் கூட, அழுகைக்குத்தான் நல்ல விலை. வாங்குவது யார், கேட்பது யார் என்று தெரிந்துகொள்ள அவள் மெனக்கெடவில்லை. பஸ் ஓட்டிக் களைத்து வரும் கணவரை இல்லாததும் பொல்லாததும் சொல்லி வம்புக்கு இழுப்பாள். அவரும் பாவம், கத்தித் தீர்த்துவிட்டுச் சாப்பிட உட்காருவார். போன மாதம் அந்தக் காசில் மிஷினுக்குப் புது மோட்டார்கூட மாட்டிவிட்டாள்.

பேசப் பேசவே எல்லாம் ஆப்புக்குப் போய்ச் சேர்ந்துவிடும். நடுவில் நிறுத்தினாலும் போனது போனதுதான். ஒரே ஒரு நிபந்தனை: பேசுகிறவர்களுக்கு விஷயம் தெரியக்கூடாது. பதிவாகிறது என்று யாராவது வாய்விட்டுச் சொன்னால் மொத்தமும் குப்பைக்குப் போய்விடும்.

அன்று மதியம் போன் பதிவு செய்துகொண்டிருந்தபோது தங்கை வந்தாள். அடிக்கிற புருஷனிடமிருந்து போன மாதம்தான் தப்பித்து வந்தவள். அவன் அவளைச் சல்லடை போட்டுத் தேடிக்கொண்டிருந்தான்.

"உன்கிட்ட மட்டும் சொல்றேன்க்கா. மார்க்கெட்டுக்குப் பின்னாடி பள்ளிக்கூடம் இருக்கில்ல, அங்க ஆயா வேலை. மாடியிலேயே தங்கிக்கிறேன்."

மிஷின் நின்றுவிட்டது. சொன்னால் தங்கை தன் முகத்தில் விழிக்கமாட்டாள். சொல்லாவிட்டால், காசு கொடுக்கிற எவன் காதிலும் அந்த இடம் விழலாம். அந்தப் படுபாவி காதிலும் விழலாம்.

"மேல பேசாதடி!"

"ஏன்க்கா?"

"இந்த போன் எல்லாத்தையும் பதிவு பண்ணுது. நான்தான் போட்டு வெச்சேன். நாம பேசுறதை நான் விக்கிறேன்." போனுக்கு நன்றாகக் கேட்கட்டும் என்று குனிந்து உரக்கச் சொன்னாள். வெட்கத்தில் காது எரிந்தது.

திரையில் எழுத்து வந்தது: 'ஏற்கப்படவில்லை. பதிவு அழிக்கப்பட்டது.'

தையல்காரிக்குப் போன உயிர் திரும்பி வந்தது. "அழிஞ்சிடுச்சுடி, அப்பாடா!" என்று தங்கையின் கையைப் பிடித்தாள்.

தங்கை கையை உருவிக்கொண்டாள். போனைப் பார்த்தாள்.

"வீட்டை விட்டு வந்த அன்னிக்கு, இதே இடத்துல உன் மடியில விழுந்து அழுதேனே. அதை எவ்வளவுக்குக்கா வித்தே?"

தையல்காரியின் கை தானாகப் போய் அந்தப் புது மோட்டாரை மறைத்தது.