தெலுங்கு என்று நான் நிரப்பிய படிவங்கள்

ஒரகடம் பக்கத்தில் ஒரு தனியார் பள்ளிக்கு முதல்வராக இருந்தபோது, தமிழ் பேசும் பெற்றோர்களிடம் 'எங்கள் தாய்மொழி தெலுங்கு' என்ற உறுதிமொழிப் படிவத்தில் கையெழுத்து வாங்கினேன். அதில் என்ன இருக்கிறது என்று அவர்களிடம் சொல்லவில்லை. தாய்மொழிக் கட்டத்தை நானே முன்கூட்டி நிரப்பிவைத்திருந்தேன்.

பள்ளிக்கு மொழிச் சிறுபான்மைத் தகுதி வாங்க அதைச் செய்தேன். தனியார் பள்ளிகள் நுழைவு வகுப்பில் நாலில் ஒரு பங்கு இடத்தை ஏழைப் பிள்ளைகளுக்கு இலவசமாகத் தர வேண்டும். சிறுபான்மைப் பள்ளிகளுக்கு விலக்கு உண்டு. தங்கள் மொழியைக் காக்க நினைப்பவர்களின் உரிமை அது. எங்கள் பள்ளியில் தெலுங்கு ஒரு பாடமாகக்கூட இருந்ததில்லை.

"எங்க தாத்தா வூட்ல தெலுங்குதான் பேசுவாரு சார்" என்றார் தாளாளர். "எனக்கு 'பாகுன்னாரா'வுக்கு மேல வரல. டிரஸ்ட் பேப்பர்லாம் கரெக்டா கீது. தெலுங்கு பேசுற பசங்க கணக்குதான் இடிக்குது. நீங்க நீட்டினா எவன் சார் படிச்சுப் பார்ப்பான்? போட்டுனு போய்க்கினே இருப்பான்."

உண்மைதான். மதிப்பெண் அட்டை கொடுக்கும் சனிக்கிழமைகளில், ஷிப்ட் முடித்த களைப்போடு வரும் பெற்றோர்கள் என் விரல் காட்டிய இடத்தில் கையெழுத்திடுவார்கள். அப்படிக் கையெழுத்திட்டவர்களில் ஒருவர் திருநெல்வேலிப் பக்கத்துப் பெண். சுங்குவார்சத்திரத்தில் வாடகை அறை. எலெக்ட்ரானிக்ஸ் கம்பெனியில் லைன் வேலை. அவர் மகன் இலவச இடத்தில் மூன்றாம் வகுப்பு படித்தான்.

தகுதிச் சான்று வந்தது. அடுத்த கோடையில் அந்தத் திருநெல்வேலிப் பெண் தன் மகளை எல்.கே.ஜி.யில் சேர்க்க வந்தார்.

"ஆன்லைன்ல பாத்தோம் சார். இலவச லிஸ்ட்ல நம்ம ஸ்கூல் பேரே இல்லை."

"இப்போது இது சிறுபான்மைப் பள்ளி அம்மா. அந்த ஒதுக்கீடு கிடையாது."

"சிறுபான்மைன்னா யாரு சார்? நாங்களா?"

நான் கம்ப்யூட்டர் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்தப் பெண் குழந்தை அங்கன்வாடிக்குப் போய், பிறகு ஊராட்சிப் பள்ளியில் சேர்ந்தாள்.

நான் ஓய்வு பெற்ற மறுவருடம் அந்த அம்மாவின் வாடகை அறைக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னேன்.

"அப்போ நான் போட்ட கையெழுத்துலயா எம் பிள்ளைக்கு இடம் போச்சு?"

"உங்களுடையதும் அதில் ஒன்று."

"இப்போ சரி பண்ணுனா கிடைக்குமா?"

"கிடைக்காது. நுழைவு வகுப்பில் மட்டும்தான் அந்த இடம்."

"பொறவு என்னத்துக்கு சார் வந்து சொல்லுதீய? ஒங்களுக்கு மனசு ஆறணும்னா?" கதவைச் சாத்திவிட்டு, "பெரியவன் இன்னும் அங்கதான் படிக்கான். எம் பேரை எங்கயும் எழுதிராதீங்க" என்றார்.

அவர் பெயரில்லாமல் மாவட்டக் கல்வி அலுவலகத்துக்கு எழுதினேன். படிவங்களை நிரப்பியது நான் என்று என் பெயரைப் போட்டேன். அதிகாரி பள்ளிக்கு வந்து விசாரித்தார். பிள்ளைகள் அங்கே படிக்கும்போது எந்தப் பெற்றோர் வாய் திறப்பார்? தாளாளர் போன் செய்தார்: "இன்னா சார், ரிட்டயர்டானா பேரப் புள்ளைங்கள கொஞ்சிக்கினு இருக்கணும். ஃபைல் தூக்கிக்கினு அலையலாமா?"

கோப்பு ஒரு வருடத்துக்கு மேல் கிடந்தது. இலவசப் படிப்பு எட்டாம் வகுப்போடு முடிகிறது. அந்த ஜூனில் அந்த அம்மாவின் மகன் அரசுப் பள்ளிக்கு மாறினான். அவரே அழைத்தார்.

"இப்போ வந்து சொல்லுதேன் சார். சூப்பர்வைசர் ஒரு நாள்தான் லீவு தருவான்."

காஞ்சிபுரம் கல்வி அலுவலகத்துக்குப் போனோம். தெலுங்கு கொஞ்சமாவது தெரியுமா என்று அதிகாரி கேட்டார்.

"எங்க லைன்ல ரெண்டு ஆந்திராப் பிள்ளைய இருக்கு. அதுககிட்ட கேளுங்க சார், எனக்கு எவ்வளவு தெரியும்னு."

அவருடைய வாக்குமூலத்துக்குப் பிறகு இன்னும் மூன்று பேர் வந்தார்கள். விளக்கம் கேட்டுப் பள்ளிக்கு நோட்டீஸ் போயிருக்கிறது. எனக்கும் ஒன்று வந்தது. தெரிந்தே செய்தேன் என்று பதில் எழுதினேன். தகுதி இன்னும் ரத்தாகவில்லை. அவர் மகள் இப்போது ஊராட்சிப் பள்ளியில் நாலாம் வகுப்பு.

நோட்டீஸ் விவரத்தை அவரிடம் போனில் சொன்னேன்.

"ரத்தாயிட்டுன்னா, கீழ் ரூம்ல இருக்க பிள்ளையோட மவனுக்கு வர்ற வருசம் இலவச இடம் கேக்கலாம்லா சார்?"

கேட்கலாம், ஆனால் அதற்குள் விசாரணை முடிய வேண்டும் என்றேன்.