வாங்க என்று கேட்ட வீடு

என் தையல் பெட்டியில் ஒரு மஞ்சள் ரிப்பன் துண்டு கிடக்கிறது. சுண்டுவிரல் நீளம்தான் இருக்கும். அதில் குத்தியிருந்த ஊக்கு துருவேறி, ரிப்பனில் பழுப்பாக ஒரு கறை விழுந்துவிட்டது. பெட்டியை ஒழுங்கு பண்ணுகிறேன் என்று உட்கார்ந்த என் மகள் அதைக் குப்பையில் போடப் போனாள். வெடுக்கென்று பிடுங்கிக்கொண்டேன். இத்தனைக்கும் அது என் ரிப்பன் இல்லை. எங்கள் பெரிய டீச்சருடையது. ஒரு பகல் முழுக்க அது அவருடைய தோளில் இருந்தது. பிறகு இன்னொருவர் கையால் கழற்றப்பட்டு என்னிடம் வந்தது. கழற்றிய அந்தக் கையை என்னால் மறக்க முடியவில்லை.

எழுபதுகளின் தொடக்கத்தில் திண்டுக்கல் பக்கம் ஒரு பெண்கள் பள்ளியில் நான் வேலைக்குச் சேர்ந்தேன். தலைமையாசிரியையை எல்லாரும் பெரிய டீச்சர் என்றுதான் சொல்வோம். உயரமான ஆள் இல்லை, சத்தம் போடுகிறவரும் இல்லை. ஆனால் வராந்தாவில் அவருடைய செருப்புச் சத்தம் கேட்டால் வகுப்புகள் தாமாக அடங்கும். கணவர் காலமாகிச் சில வருஷம் ஆகியிருந்தது. அவரும் ஆசிரியராக இருந்தவர். பிள்ளைகள் கிடையாது. சொந்தக்காரர் என்று ஒருவரும் அவரைத் தேடி வந்து நாங்கள் பார்த்ததில்லை. அவரிடம் அதைப் பற்றிக் கேட்க யாருக்குத் துணிச்சல் வரும்? அந்த வருஷம் ஆசிரியைகள் எல்லாரும் சேர்ந்து ஒரு நாள் சுற்றுலா போவதென்று பேச்சு எழுந்தது. கொடைக்கானல் என்று நாங்கள் குதித்துக்கொண்டிருந்தோம். பெரிய டீச்சர், செட்டிநாட்டுப் பக்கம் போகலாம், பார்க்கவேண்டிய பழைய இடங்கள் நிறைய இருக்கின்றன என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார். எங்களுக்கு முகம் தொங்கிப்போயிற்று. அந்த வயதில் யாருக்கு வேண்டும் பழைய இடம்?

வாடகை பஸ்ஸில் அவர் பக்கத்து இருக்கை காலியாகவே இருந்தது. கடைசியாக ஏறியதால் அது என் தலையில் விழுந்தது. திருப்பத்தூரில் கைடு ஏறிக்கொண்டார். கழுத்தில் விசில், கக்கத்தில் குடை, வாய் மட்டும் ஓயவே ஓயாது. ஏறிய கையோடு ஒவ்வொருவர் தோளிலும் ஒரு மஞ்சள் ரிப்பன் துண்டைக் குத்திக்கொள்ளச் சொன்னார். போன தடவை ஒரு அம்மாள் வேறு பஸ்ஸில் ஏறிப் போய்விட்டார்களாம். கோயில் கூட்டத்தில் ரிப்பனை வைத்துத்தான் தன் ஆட்களை அடையாளம் பிடிப்பாராம். ஆட்டுக்குக் குறி போடுகிற மாதிரி இருக்கிறதே என்று நாங்கள் முணுமுணுத்தோம். பெரிய டீச்சர் வாங்கிக் குத்திக்கொண்டார். எனக்குக் கைடுகள் என்றாலே அன்றிலிருந்து இன்றுவரை ஆகாது. அவருக்கு எல்லாமே ஆயிரம் வருஷம். கோபுரம் ஆயிரம் வருஷம், குளம் ஆயிரம் வருஷம், வழியில் நின்ற புளியமரமும் ஆயிரம் வருஷம். சரித்திரப் பாடம் எடுக்கிற டீச்சர் ஒருத்தி வாயைத் திறக்கப் போனபோது பெரிய டீச்சர் கண்ணாலேயே அடக்கிவிட்டார்.

முதலில் திருக்கோஷ்டியூர். விமானத்தின் மேல்தளத்துக்குக் குறுகலான படி வழியாக ஏறவேண்டும். பாதிப் பேர் மூச்சு வாங்குகிறது என்று கீழேயே நின்றுவிட்டார்கள். யாருக்கும் சொல்லாதே என்று குரு கொடுத்த மந்திரத்தை இங்கே ஏறி நின்று ஊருக்கெல்லாம் கேட்கும்படி உடையவர் சொன்னார் என்று கைடு கையை விரித்துச் சொன்னார். அந்த ஒரு கதையை மட்டும் அவர் நன்றாகவே சொன்னார். சொல்லிவிட்டு இறங்கிப் போனார். பெரிய டீச்சர் இறங்கவில்லை. கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு வயலுக்கு அப்பால் பார்த்துக்கொண்டிருந்தார். சாயங்காலம் நாம் கீழச்சிவல்பட்டியில் ஒரு பெரிய வீடு பார்க்கப் போகிறோம் இல்லையா, அது நான் பிறந்த வீடு என்றார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பள்ளிக்கூடத்தில் அச்சடித்த மாதிரிப் பேசுகிறவர், அங்கே நின்று வேறொரு பேச்சில் பேசினார். அந்தப் பேச்சு அவருக்குள் இருந்ததே எனக்கு அன்றுதான் தெரியும்.

கூட வேலை பார்த்த வேற்றுச் சாதிக்காரரைக் கல்யாணம் பண்ணிக்கொண்டதால் வீட்டில் அவரை விலக்கிவிட்டார்கள். அவருடைய அப்பச்சி, அதாவது தகப்பனார், கம்மாய்க்குப் போய்த் தலைமுழுகிவிட்டு வந்தார். வீட்டில் மகள் பெயரைச் சொல்வதும் நின்றுபோயிற்று. தகப்பனார் இறந்த சேதி பல மாதம் கழித்து யார் மூலமாகவோ காதுக்கு எட்டியபோது, மனசு கேட்காமல் ஒருமுறை போயிருக்கிறார். அண்ணன் முகப்பில் நின்றிருக்கிறார். பார்த்தார், திரும்பி உள்ளே போய்விட்டார்.

“அடிக்கலை, திட்டலை. வாங்கன்னு கேக்கலை, அம்புட்டுத்தான். எங்க வீடுகள்ல அது போதும். கேக்காத வாசல்ல கால் வைக்க முடியாது” என்றார்.

மற்ற ஊர்களில் வாங்க என்று சொல்வார்கள். செட்டிநாட்டில் அதைக் கேட்பது என்பார்கள். வீட்டுக்கு வருகிற ஒவ்வொருவரையும் தனித்தனியாக, முகம் பார்த்து, வாங்க என்று கேட்கவேண்டும். கல்யாண வீட்டில் ஒருவரைக் கேட்க விட்டுப்போனால் அந்த வருத்தம் தலைமுறைக்கும் ஆறாது. இதெல்லாம் அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். அவருடைய ஆத்தாவுக்கு, ஊரார் ஆச்சி என்கிற அந்தத் தாய்க்கு, இப்போது கண் தெரியவில்லையாம். ஆனாலும் வீடு பார்க்க வருகிற வெளியூர் ஆட்களையெல்லாம் வாசலில் உட்கார்ந்து ஒருவர் விடாமல் கேட்கிறார் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். அதைக் கேள்விப்பட்ட பிறகுதான் கொடைக்கானல் செட்டிநாடாக மாறியிருக்கிறது.

“டூர்ல போனா எல்லாரையும் கேப்பாக. கூட்டத்தோட கூட்டமா எனக்கும் ஒண்ணு விழும். உள்ள போகணும், பேசணும்னெல்லாம் ஆசையில்லை. ஆத்தா வாயால ஒரு வாங்க. கேட்டுக்கிட்டு வந்துருவேன்.”

யாரிடமும் மூச்சுவிடக் கூடாது என்றார். விடவில்லை. ஆனால் அதற்குப் பிறகு எனக்கு எதுவும் கண்ணில் நிற்கவில்லை. பிள்ளையார்பட்டியில் பாறையைக் குடைந்த பிள்ளையாரைப் பார்த்தோம். அவர் எத்தனை வருஷம் என்று கைடு சொன்னது உங்களுக்கே தெரியும். மதியச் சாப்பாட்டில் பெரிய டீச்சர் தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டே இருந்தார், ஒரு வாய்கூட உள்ளே போகவில்லை. கீழச்சிவல்பட்டியை நெருங்கும்போது கைடு எழுந்து நின்று வீட்டுப் பெருமையை ஆரம்பித்தார். பர்மாத் தேக்கு, முட்டை வெள்ளைக்கரு சேர்த்து அரைத்த சுண்ணாம்புப் பூச்சு, கண்ணாடி மாதிரி முகம் தெரிகிற சுவர். தூண்கள் ஆயிரம் வருஷம் என்று வாய்தவறிச் சொல்லிவிட்டு, இல்லை இல்லை, அறுபது வருஷம் என்று திருத்திக்கொண்டார். எல்லாரும் சிரித்தார்கள். சிரிப்பு அடங்கியதும், அந்த வீட்டு ஆச்சிக்கு ஒரே மகன்தான், பெண்பிள்ளை கிடையாது என்று போகிற போக்கில் சொன்னார். பெரிய டீச்சர் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். எனக்கு அந்த ஆளை அப்படியே பஸ்ஸிலிருந்து இறக்கிவிடலாம் போலிருந்தது. அவரைச் சொல்லி என்ன? வீட்டில் சொன்னதைத்தானே அவர் சொன்னார்.

வாசல் படிகளுக்கு மேலே, முகப்பின் பெரிய கதவை ஒட்டி, ஆச்சி ஒரு தாழ்ந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். வெள்ளைச் சேலை. ஒடிசலான உடம்பு. கண்மணிகள் இரண்டும் பால் படர்ந்த மாதிரி வெளுத்திருந்தன. முகப்பு வரைக்கும்தான் அனுமதி, குடும்பம் புழங்குகிற உள்கட்டான வளவுக்குள் போகக்கூடாது என்று கைடு விசிலை ஊதி எச்சரித்துவிட்டு எங்களை வரிசையாக விட்டார். காலடிச் சத்தம் கிட்டே வர வர ஆச்சி முகத்தை அந்தப் பக்கம் திருப்பி, வாங்க என்றார். அடுத்த காலடிக்கு ஒரு வாங்க. அதற்கடுத்த காலடிக்கு இன்னொன்று. அவசரமில்லாமல், ஒன்றைப்போலவே ஒன்று. நாங்கள் வணக்கம் என்றோம். சிலர் சிரித்துவிட்டுப் போனார்கள், அவருக்குக் கண் தெரியாது என்ற நினைப்பில்லாமல். எனக்கும் ஒன்று கிடைத்தது. தாண்டியதும், நாற்காலிக்குப் பக்கத்துத் தூண் ஓரமாக நின்று திரும்பிப் பார்த்தேன். வரிசையில் கடைசியாகப் பெரிய டீச்சர் வந்துகொண்டிருந்தார்.

“வாங்க” என்றார் ஆச்சி.

“ஆமா” என்றார் பெரிய டீச்சர்.

அவர் நினைத்துச் சொன்னதில்லை அது. வணக்கம் என்று சொல்லிவிட்டு வந்துவிடுவதாகத்தான் இருந்தார். வாங்க என்று கேட்டால் ஆமா என்று பதில் சொல்வது அந்த வீடுகளில் பிறந்தவர்களுக்குப் பேச்சு பழகும்போதே வாயில் ஏறிவிடுகிற வழக்கம். இத்தனை வருஷம் யாரும் கேட்காததால் அந்தப் பதில் உள்ளேயே கிடந்து, கேட்டதும் தானாக வந்து விழுந்துவிட்டது. சொன்ன பிறகு அவர் வாயைப் பொத்திக்கொண்டதைப் பார்த்தேன்.

ஆச்சியின் முகம் அசையாமல் நின்றது. எந்த ஊரு, எந்தக் கோயில் என்று கேட்டார். அங்கே ஆளை ஆள் அறிந்துகொள்வது அப்படித்தான். அந்தச் சாதியில் ஒவ்வொரு குடும்பமும் ஒரு கோயிலைச் சேர்ந்தது. பெரிய டீச்சரை எந்தக் கோயிலிலும் வைத்துக்கொள்ளாமல் ஆக்கி எவ்வளவோ காலம் ஆகியிருந்தது. அவர் என்ன சொல்வார்? கைடு ஓடி வந்து, டூருக்கு வந்த டீச்சருங்க ஆச்சி, திண்டுக்கல் பக்கம் என்றார். அதற்குள் உள்ளே இருந்து அண்ணன் வந்து வளவுக் கதவில் நின்றுவிட்டார். தங்கையை அவருக்குத் தெரிந்துவிட்டது. அந்த முகத்தைப் பார்த்தாலே சொல்லிவிடலாம்.

“டூர் ஆளுக முகப்போட நிக்கட்டும், ஆத்தா” என்றார்.

ஆச்சி மகன் பக்கம் திரும்பவில்லை. டூர் ஆள் என்று எப்படித் தெரியும் என்று கைடைக் கேட்டார். தோளில் மஞ்சள் ரிப்பன் குத்தியிருக்கிறோம் ஆச்சி என்றார் அவர். ஆச்சி நாற்காலியின் கையைப் பிடித்து எழுந்தார். கையை நீட்டி முதலில் காற்றைத் துழாவினார். பிறகு பெரிய டீச்சரின் முழங்கை, மேல்கை, தோள். ரிப்பன் விரலில் பட்டதும் நின்றார். அந்த விரல்கள் ஊக்கைத் தடவி, அதன் வாயைக் கண்டுபிடித்து, அழுத்தித் திறந்து, சேலையிலிருந்து மெல்ல உருவின. ஒருவரும் உதவிக்குப் போகவில்லை. போயிருந்தாலும் விட்டிருக்கமாட்டார். உருவியதைப் பக்கத்தில் நின்ற என் கையில் யாரென்று கேட்காமலே வைத்தார்.

“டூர் ஆளுகளை நிப்பாட்டிக்கப்பா” என்று மகனிடம் சொன்னார். பிறகு மகளிடம், “வா” என்றார்.

வாங்க இல்லை. வா. ஊரையே மரியாதையாகக் கேட்கிற அந்த வாய் வேறு யாரையும் அப்படிக் கூப்பிட்டிருக்காது. பெரிய டீச்சர் என்ற பெயரில் நாங்கள் பயந்து நடுங்கிய அந்த அம்மாள், சேலைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டு, ஆத்தாவின் கையைப் பிடித்துக்கொண்டு வளவுக்குள் போனார். அண்ணன் வழியை மறிக்கவில்லை. விலகி நின்றார், தரையைப் பார்த்தபடி. உள்ளே என்ன பேசினார்கள் என்று எனக்குத் தெரியாது. அவர் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. கைடுகூட விசில் ஊதவில்லை. பொழுது சாயும்வரை பஸ்ஸில் காத்திருந்தோம். அவர் வந்து ஏறி உட்கார்ந்தபோது கையில் சீனிப் பணியாரப் பொட்டலம் ஒன்று எண்ணெய் ஊறி இருந்தது. எல்லாருக்கும் பிய்த்துக் கொடுத்தார்.

மறு வருஷமே ஆச்சி காலமானார். இந்த முறை அண்ணனே ஆள் அனுப்பிச் சொல்லியிருந்தார். துணைக்கு நான் போனேன். வாசலில் அந்த நாற்காலி இல்லை. சொந்தங்கள் வந்துகொண்டே இருந்தார்கள், ஒருவரை ஒருவர் பார்த்துத் தலையசைத்துவிட்டு மௌனமாக உள்ளே போனார்கள். பெரிய டீச்சரும் அப்படியே போனார். போய்விட்டு வருகிறேன் என்று அங்கே சொல்லக்கூடாது; சொல்லிக்கொள்ளாமலே திரும்பினோம். பஸ்ஸில் அவர் சொன்னார்:

“துட்டி வீட்டுல யாரையும் வாங்கன்னு கேக்க மாட்டாக. இன்னைக்கு எல்லாரும் என்னைய மாதிரித்தான் உள்ள போனாக.”

அதற்குப் பிறகு அவர் அந்த ஊருக்குப் போனதாக எனக்குத் தெரியவில்லை. அண்ணன் நல்லபடியாகவே நடந்துகொண்டிருக்கக்கூடும். ஆனால் வா என்று கூப்பிட அங்கே யார் இருந்தார்கள்? பெரிய டீச்சரும் போய் நெடுங்காலம் ஆகிவிட்டது.

போன தை மாதம் மகள் குடும்பத்தோடு அந்த வீட்டைப் பார்க்கப் போயிருந்தேன். இப்போது டிக்கெட் உண்டு. வாசலில் ஒரு பெண் சிரித்த முகத்தோடு வெல்கம் என்று சொல்லி, எங்கள் மணிக்கட்டில் பளபளவென்று ஒரு காகிதப் பட்டையை ஒட்டிவிட்டாள். முகப்பு, வளவு, இரண்டாங்கட்டு, எங்கே வேண்டுமானாலும் போகலாம், யாரும் தடுக்கவில்லை. கதவோரத்தில், அந்தத் தாழ்ந்த நாற்காலி கிடந்த இடத்தைத் தாண்டும்போது, ஆமா என்று என் வாய் சொல்லிற்று. யாரும்மா கேட்டாங்க என்றாள் மகள். யாரும் இல்லை என்றேன்.

வீட்டுக்கு வந்ததும் அந்தக் காகிதப் பட்டையைக் கழற்றப் பார்த்தேன். பசை விடவில்லை. கத்தரிக்கோலுக்காகத் தையல் பெட்டியைத் திறந்தேன். ரிப்பன் மேலேயே கிடந்தது. எனக்கு இன்னும் இரண்டு கண்ணும் நன்றாகத் தெரிகிறது. ஒரு பட்டையைக் கழற்ற முடியாமல் கடைசியில் வெட்டித்தான் எடுத்தேன். ஆச்சியின் அந்தக் கை, தன் மகளின் சேலையில் ஒரு இழைகூடப் பிசிறாமல், இந்த ஊக்கைக் கழற்றியது.