ஓலையில் பின்னிய ஹெல்மெட்

அமலோற்பவமேரி ஓலையில் பின்னாத சாமான் இல்லை என்பார்கள். விசிறி, கூடை, குழந்தைக்குக் கிலுகிலுப்பை என்று பின்னித் திண்டிவனம் சந்தையில் விற்றவள்தான். மகன் போன பிறகு அதையெல்லாம் விட்டுவிட்டாள்.

ஒரே மகன் சகாய பிரவீன். விக்கிரவாண்டி டோல்கேட்டைத் தாண்டி வரும்போது லாரி அவன் பைக்கை அடித்துவிட்டது. உடலைக் கொண்டுவந்து அடக்கம் செய்தார்கள். ரோட்டில் சிதறிய அவன் பொருள்களை யாரும் பொறுக்கி வரவில்லை. யாருக்குத் தோன்றும்? பெற்றவளுக்குத் தோன்றியது. பனங்குருத்தை நிழலில் காயவைத்து, கிழித்து, ஒவ்வொன்றாகப் பின்னினாள். ஹெல்மெட், டிபன் டப்பா, ஒற்றைச் செருப்பு. ஹெல்மெட்டுக்குச் சோற்றுப் பானையைக் கவிழ்த்து அச்சாக வைத்து, அவன் தலை அளவுக்குக் கை நினைவிலேயே இழுத்துப் பின்னினாள். இடது பக்கம் அடிபட்ட இடத்தை மட்டும் ஓட்டையாகவே விட்டாள். அதை மூட மனசு வரவில்லை.

புதுச்சேரியில் கண்காட்சி நடத்தும் கலைப்பிரியா வந்து பார்த்தாள். கலைக்காரர்கள் பேச ஆரம்பித்தால் ஓய மாட்டார்கள். அவளோ முதலில் குனிந்து அந்த ஓட்டையின் ஓரத்தை விரலால் தடவிப் பார்த்தாள். பிறகு, "இது கூடை மொறம் மாதிரி இல்லம்மா, சிற்பம். ஹால் நடுவுல இத மட்டும்தான் வெக்கப் போறேன்" என்றாள். ஊர் பிரவீனை எப்போதோ மறந்துவிட்டது. முன்பின் தெரியாத நாலு பேராவது அவனுக்காக ஒரு நிமிஷம் நிற்பார்கள் என்ற நினைப்பில்தான் மேரி அதன் பிறகு சோறு தின்றாள்.

கணவர் பாக்கியசாமி கோயிலில் மணியடிக்கிறவர். குருத்தோலை ஞாயிறன்று மந்திரித்த ஓலையைக் குப்பையில் போடக் கூடாது. அடுத்த வருஷம் அதை எரித்து, அந்தச் சாம்பலைத்தான் சாம்பல் புதனன்று நெற்றியில் பூசுவார்கள். வீடு வீடாக ஓலை சேர்த்து எரிப்பதும் அவர் வேலைதான்.

கண்காட்சி வேன் வருகிற வாரம், பொதிந்து அனுப்பப் பஞ்சு வாங்கிக்கொண்டு மேரி வீடு திரும்பினாள். மேசை காலியாக இருந்தது.

"ஏங்க, எங்க எல்லாம்?"

"எரிச்சிட்டேன் மேரி. போன வருசம் குருத்தோல பவனில எல்லாரும் ஓல புடிச்சாங்க, நீ இத தூக்கிக்கினு வந்த. சாமியார் தீர்த்தம் தெளிச்சாரு. மந்திரிச்சத போயி காச்சிக்கு வெக்கலாமா? புள்ள ஆன்மாவுக்குப் புண்ணியம்னு ஊரு ஓலையோட சேத்து என் கையாலயே எரிச்சேன்."

கத்த வாயைத் திறந்தாள். அவர் கண்கள் அழுது வீங்கியிருந்தன; அவரும் பெற்றவர்தானே. சண்டை போட ஓர் ஆள் கிடைத்திருந்தாலாவது ஆறியிருப்பாள். பாழாய்ப்போன விதி, அதற்கும் வழி வைக்கவில்லை.

"வேற பின்னிக்கலாம். ஓலைக்கா பஞ்சம்?" என்றார்.

"ஓலைக்கு இல்லீங்க. அவன் தல அளவு என் கைய வுட்டுப் போயிடுச்சு."

சாம்பல் புதனன்று வரிசையில் நின்று அவளும் நெற்றியைக் காட்டினாள். பூசை முடிந்து சனங்கள் மல்லாட்டை விலையும் பஸ் நேரமும் பேசிக்கொண்டே வாசலுக்கு வந்தார்கள். வெயிலில் நெற்றிகள் வேர்த்து வழிந்தன.

"தொடைக்காதீங்க," என்று மேரி ஒவ்வொருவர் முன்னும் போய்க் கைகூப்பினாள். "உங்க கால்ல வுழறேன், தொடைக்காதீங்க."

பாவம், புத்தி கலங்கிவிட்டது என்று இரக்கப்பட்டு அவளுக்கு வழிவிட்டார்கள். நாலடி தள்ளிப் போய்த் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்கள்.