ஏழு புள்ளடிகள்

நோர்வேக்கு வந்து முப்பது வருடத்துக்கு மேலாகிறது. வாக்குரிமை கிடைத்த நாளிலிருந்து ஒரு தேர்தலையும் நான் தவறவிட்டதில்லை. ஆனால் வாக்களிக்கும் மறைப்புக்குள் கிடக்கிற பேனையை மட்டும் இதுவரை தொட்டதில்லை. இங்கே கட்சிப் பட்டியலை எடுத்து மடித்து, முத்திரை குத்துவித்துப் பெட்டிக்குள் போட்டால் போதும். பட்டியலில் நமக்குப் பிடித்த ஆள் இருந்தால் அவர் பெயருக்கு முன்னால் உள்ள சின்னக் கட்டத்தில் ஒரு புள்ளடி, அதாவது பெருக்கல் குறி, போடலாம். விரும்பினால்தானே! நான் விரும்பியதேயில்லை. மடிப்பேன், போடுவேன், வந்துவிடுவேன்.

இந்த முறை என் மகள் அதற்கு உலை வைத்துவிட்டாள். ஸ்டோவ்னர் வட்டார சபைக்கு அவளும் நிற்கிறாள். இருபத்தாறு வயது. பிள்ளைகளுக்கு நீச்சல் வகுப்பு வேண்டும், பேருந்து நேரத்துக்கு வரவேண்டும் என்று வீடு வீடாகத் துண்டுப்பிரசுரம் கொடுத்துத் திரிகிறாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் இடியப்பம் பிழிந்துகொண்டிருந்தபோது பக்கத்தில் வந்து நின்றாள்.

"அம்மா, நான் லிஸ்டிலை பதினஞ்சாவது. ஆக்கள் என்ரை பேருக்குப் புள்ளடி போட்டால்தான் மேலை வருவன். தமிழ்ப் பள்ளிக்கூடத்து அன்ரிமாருக்கு எப்பிடிப் போடுறதெண்டு ஒருக்காச் சொல்லிக் குடுங்கோவன்."

"நானோ? ஐயோ பிள்ளை, அந்த வேலைக்கு வேறை ஆளைப் பார்."

"ஏனம்மா?"

"நான் சொல்லிக் குடுத்து ஒருத்தி தோத்தது போதும்."

அவள் அடுப்பை நிறுத்திவிட்டுக் கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். இனிச் சொல்லாமல் தப்ப முடியாது. அவளுக்குச் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

எண்பதுகளின் கடைசியில் நான் சோவியத் ஒன்றியத்தில், மின்ஸ்க் நகரில், இயந்திரப் பொறியியல் படித்தேன். எங்கள் விடுதியில் தமிழர் ஏழு பேர். ஆறு பொடியன்கள், நான் ஒருத்தி. அவர்களைவிட எனக்கு இரண்டு வயது கூட, வாய் அதைவிடக் கூட. முதல் வருடம் அங்கே எல்லோரும் மெதுவாகத்தான் பேசினார்கள். பிறகு நாட்டின் புதிய தலைவர் கொண்டுவந்த கிளாஸ்நோஸ்ட் என்ற வெளிப்படைத்தன்மை, பெரஸ்த்ரோய்க்கா என்ற சீரமைப்பு எல்லாம் விடுதி வாசல் வரைக்கும் வந்துவிட்டன. குறையைத் துணிந்து சொல்லுங்கள், பெயர் போட்டே எழுதுங்கள் என்று மேலிடமே சொன்னது. விடுதிச் சுவரில் தொங்கிய சுவர்ப்பத்திரிகையில் ஆளாளுக்கு எழுதித் தள்ளினார்கள். நான் மட்டும் சும்மா இருப்பேனா?

அந்த நாட்டுச் சாப்பாட்டுச் சாலைகளில் வியாழக்கிழமை என்றால் மீன். இறைச்சி தட்டுப்பாடு என்பதால் நாடு முழுவதும் அப்படி. யாழ்ப்பாணத்தில் கடற்கரையோடு வளர்ந்தவளுக்கு அந்த மீன் எப்படி இறங்கும்? 'வியாழக்கிழமை மீன் கடலை விட்டு எப்போது புறப்பட்டது என்பதை நிர்வாகம் தெரிவிக்க வேண்டும்' என்று எழுதிக் கீழே என் பெயரையும் போட்டேன். விடுதியே சிரித்தது. இரண்டு நாள் எனக்குத் தரையில் கால் பாவவில்லை.

மூன்றாம் நாள் தலைமைச் சமையற்காரி என் மேசைக்கு வந்தாள். முப்பத்தைந்து வயதிருக்கும். பெரிய கைகள், கோபம் வந்தால் காது சிவக்கும். வெள்ளிக்கிழமை நாங்கள் இறைச்சி சாப்பிடுவதில்லை என்று தெரிந்த நாளிலிருந்து, ஒருவரும் கேட்காமலே, எங்கள் ஏழு பேருக்கும் உருளைக்கிழங்குப் பொரியலை மூடி வைத்துத் தந்தவள் அவள். யாராவது விசாரித்தால், "வருத்தக்காரருக்கு", அதாவது நோயாளிகளுக்கு, என்று சொல்லிவிடுவாள். அவள் ருஷ்ய மொழியில் கேட்டதை எங்கள் பேச்சில் சொன்னால் இப்படி இருக்கும்:

"எழுதினது நீயோ?"

"ஓம்."

"மீனை வாங்கிறது ஆரெண்டு விசாரிச்சனியோ?"

நான் விசாரிக்கவில்லை. மீனை வாங்குவது களஞ்சியப் பொறுப்பாளர். எந்நேரமும் கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டு திரிகிற ஒரு மனிதர். வந்த மீனைச் சமைப்பது மட்டும்தான் இவள் வேலை. எனக்கு முகத்தை எங்கே வைப்பதென்று தெரியவில்லை.

அதோடு போயிருந்தால் பரவாயில்லை. வேலைத்தலங்களில் பொறுப்பாளரைத் தேர்தல் வைத்துத் தெரிவு செய்யலாம் என்ற புதிய ஏற்பாடு அப்போதுதான் வந்திருந்தது. மாணவர் குறை எழுதிவிட்டார்கள், ஆகவே சாப்பாட்டுச் சாலைக்கும் தேர்தல் என்று நிர்வாகம் அறிவித்தது. அங்கே சாப்பிடுகிற எல்லோருக்கும் வாக்கு. இரண்டே இரண்டு பேர் போட்டி. ஒன்று அவள். மற்றது, வேறு யார், அந்தக் கழுத்துப்பட்டிக்காரர்! அவள் தோற்றால் பதவி போய்விடும், என் ஒரு வரிப் பகிடியால். இரவில் நித்திரை வரவில்லை என்று சொன்னால் நம்புங்கள்.

பொடியன்கள் ஆறு பேரையும் விடுதி நடைபாதையில் கூட்டி வைத்து நான் பிரசங்கம் செய்தேன். எங்களில் ஒருவரும் அதுவரை வாக்குப் போட்டதில்லை. ஆனால் ஊரில் தேர்தல் என்றால் புள்ளடி என்பது பால்குடிப் பிள்ளைக்கும் தெரியும். வேண்டிய ஆளுக்குப் புள்ளடி, அவ்வளவுதான்.

"இஞ்சை சின்னமும் இல்லை, கட்டமும் இல்லை. அவவின்ரை பேருக்கு மேலையே போடுங்கோ. வடிவாத் தெரியிற மாதிரிப் பெரிசாப் போடுங்கோ," என்றேன்.

"அக்கா, எதுக்கும் ஆரிட்டையும் ஒருக்காக் கேட்டுப் பாப்பமே?" என்றான் ஒருவன்.

"புள்ளடி போடவும் கேக்கோணுமே? விசர்க்கதை கதையாதை!"

வாக்கெடுப்பு அன்று திரைச்சீலை கட்டிய சின்ன அறை வைத்திருந்தார்கள். முன்பெல்லாம் அந்த அறை பேருக்குத்தான் நிற்குமாம். ஒரே ஒரு பெயர் உள்ள சீட்டை வாங்கி நேரே பெட்டிக்குள் போட்டுவிட்டுப் போவதுதான் வழக்கம். அறைக்குள் போனால், இவன் எதையோ ஒளிக்கிறான் என்று பார்ப்பார்களாம். இந்த முறை அறை வாசலில் வரிசை நின்றது. சிலர் முகத்தில் கலியாண வீட்டுக்கு வந்த களை. நான் உள்ளே போய், அவள் பெயருக்கு மேல் பென்சிலை அழுத்திப் போட்ட புள்ளடியில் காகிதமே கொஞ்சம் கிழிந்துவிட்டது.

பதினொரு வாக்கால் அவள் தோற்றாள்.

அறைக்கு வந்து என் அறைத்தோழியிடம் அந்த ஊர்ச் சனத்தைத் திட்டித் தீர்த்தேன். நாங்கள் ஏழு பேரும் அவளுக்குத்தான் போட்டோம், மற்றவர்களுக்கு நன்றி இல்லையா என்றேன். தோழி அந்த ஊர்ப் பெண். "எப்படிப் போட்டீர்கள்?" என்று கேட்டாள். புள்ளடியைக் காற்றில் கீறிக் காட்டினேன். அவள் அப்படியே கட்டிலில் உட்கார்ந்துவிட்டாள். அந்த நாட்டில் வாக்குப் போடுவது என்றால் வேண்டாதவரின் பெயரை வெட்டுவது. வேண்டியவரின் பெயரைத் தொடவே கூடாது. பிறந்ததிலிருந்து எல்லோருக்கும் தெரிந்த விஷயம் என்பதால் ஒருவரும் எங்களுக்குச் சொல்லவில்லை.

பொறியியல் படிக்கிறவளுக்குக் கணக்கு உடனே வந்துவிட்டது. அவளுக்கு ஏழு குறைந்தது, மற்றவருக்கு ஏழு கூடியது. ஒழுங்காகப் போட்டிருந்தால் மூன்று வாக்கால் அவள் வென்றிருப்பாள்.

அடுத்த நாள் ஏழு பேரும் குசினி வாசலில் வரிசையாகப் போய் நின்றோம். அவள் முட்டைக்கோவா வெட்டிக்கொண்டிருந்தாள். நான்தான் வாயைத் திறந்தேன். முழுவதும் கேட்டுவிட்டுக் கத்தியைக் கீழே வைத்தாள்.

"ஏழு பேருமோ?"

"ஓம்."

"என்னிலை இருக்கிற விருப்பத்திலை வெட்டினனீங்கள்?"

"ஓம்."

பிறகு விழுந்தது பேச்சு. கால்மணி நேரம் விழுந்தது. அதில் பாதி எனக்கு விளங்காதது கடவுள் புண்ணியம். அதற்குப் பிறகு ஒரு மாதம், வியாழக்கிழமை எங்கள் ஏழு தட்டிலும் மீன்வால் மட்டும்தான். தலைமை போனாலும் அகப்பை அவள் கையில்தானே இருந்தது!

ஒரு வெள்ளிக்கிழமை, மூடி போட்ட உருளைக்கிழங்கு திரும்ப வந்தது. அவளே கொண்டுவந்து வைத்துவிட்டு எனக்கு எதிரே உட்கார்ந்தாள். "எங்கடை நாட்டிலை இவ்வளவு காலமும் தேர்தலிலை தோத்த ஆள் ஒருத்தரையும் நான் கண்டதில்லை. முதலாவது ஆள் நான்தான்," என்றாள். சொல்லும்போது அவள் காது சிவக்கவில்லை. சத்தியமாகச் சொல்கிறேன், அவள் முகத்தில் இருந்தது பெருமை. நான் சாப்பாட்டுத் தட்டுக்குள் அழுதேன். அவள் என் தலையில் ஒரு குட்டுக் குட்டிவிட்டு எழுந்து போனாள்.

அந்த வசந்தத்தில் சிறு கூட்டுறவுக் கடைகளைச் சனங்களே நடத்தலாம் என்று சட்டம் வந்தது. அவள் வேலையை விட்டுவிட்டு, இன்னும் இரண்டு பெண்களைச் சேர்த்து ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு மூலையைப் பிடித்தாள். கோவாவும் முட்டையும் வைத்த சூடான மாப்பண்டம் சுட்டு விற்றார்கள். வரிசை தெருவுக்கு வந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் நான் போய் மா உருட்டினேன். ஒரு நாள் கழுத்துப்பட்டிக்காரரே வரிசையில் நின்றார். அவள் அவருக்கு நல்லதாகப் பார்த்து இரண்டு எடுத்துக் கொடுத்தாள். "இவரும் ஒருக்காத் தோத்துப் பாக்கோணும், நல்ல மனிசனாகிடுவார்," என்று என் காதுக்குள் சொன்னாள்.

நான் கலியாணமாகி இங்கே வந்தபோது என் பொறியியலை ஒருவரும் ஏறெடுத்துப் பார்க்கவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமைகள்தான் சோறு போட்டன. இப்போது ஒரு முதியோர் இல்லத்தின் குசினிக்கு நான்தான் பொறுப்பு. வியாழக்கிழமை மீன். நல்ல மீன், நானே பார்த்து வாங்குகிறேன்.

மகள் கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தாள். "அம்மா, இஞ்சை புள்ளடி எண்டால் வேணும் எண்டுதான் அர்த்தம்."

"அப்பிடித்தான் நானும் அங்கை சொன்னனான்."

அன்ரிமாருக்கு அவளையே போய்ச் சொல்லச் சொன்னேன். ஆனால் என் வாக்கை நான்தானே போடவேண்டும்? தேர்தலுக்கு முன்கூட்டியே வாக்களிக்கலாம் என்பதால், வேலை முடிந்து வருகிற வழியில் ஸ்டோவ்னர் கடைத்தொகுதி நூலகத்துக்குப் போனேன். வாசலில் நின்ற அலுவலரிடம், புள்ளடி என்றால் அந்த ஆள் வேண்டும் என்றுதானே என்று கேட்டேன். ஆம் என்றார். மறைப்புக்குள் போனவள் திரும்பி வந்து மறுபடியும் கேட்டேன். மூன்றாம் முறை, உள்ளே மேசையில் இருந்த பெண்ணிடம் கேட்டேன். அவள் பொறுமையாகச் சொன்னாள்: "இந்தத் தேர்தலில் நீங்கள் நினைத்தாலும் யாரையும் வெட்ட முடியாது."

அதைக் கேட்டதும் நெஞ்சுக்குள் ஏதோ இளகியது. திரும்ப உள்ளே போனேன். பேனையை எடுத்தேன். பதினைந்தாவது பெயரை விரலால் தொட்டு இரண்டு தரம் வாசித்துவிட்டு, பெயரில் படாமல், கட்டத்துக்குள்ளே, எட்டாவது புள்ளடியைப் போட்டேன். காகிதம் கிழியவில்லை.